நாற்பது எழுத்துச் சீட்டு

என் கணவரும் நானும் ஆறு வருடம் ஒரு ரயில் விளையாட்டுக்குள் பேசிக்கொண்டிருந்தோம். போனில் பேசியதைவிட அதில்தான் அதிகம் பேசினோம். இதை யாரிடமும் நான் சொன்னதில்லை. ரகசியம் என்றில்லை, சொல்கிற மாதிரி ஒரு சந்தர்ப்பம் வரவில்லை, அவ்வளவுதான்.

நான் பிறந்தது அரியலூரில். கல்யாணமாகி வந்தது லப்பைக்குடிக்காட்டுக்கு. இங்கே தெருவுக்குப் பாதி ஆண்கள் சபுராளிகள், பிழைக்கப் பயணம் போனவர்கள். என் கணவர் வளைகுடாவில் ஒரு கோல்ட் ஸ்டோரேஜில் வேலை பார்க்கிறார். கோழி, மீன், பட்டாணி எல்லாம் பெட்டி பெட்டியாக வந்து இறங்கும் இடம். வெளியே தார் உருகுகிற வெயில். உள்ளே பஞ்சுக் கோட்டும் கையுறையும் போட்டுக்கொண்டால்தான் நிற்க முடியும். இரண்டு வருடத்துக்கு ஒருமுறை இரண்டு மாதம் லீவு. நான் பெரம்பலூரில் ஒரு தனியார் ரத்தப் பரிசோதனை நிலையத்தில் டெக்னீஷியன். காலையில் பஸ் பிடித்துப் போய்ச் சாயங்காலம் திரும்பிவிடுவேன். ஒரு மகள். பள்ளிக்கூடம் போகிறாள்.

அவர் வீட்டுக்குப் பேசுவது வெள்ளிக்கிழமை ஜும்மா தொழுகைக்குப் பிறகு. ஹாலில் எல்லோரும் உட்கார்ந்திருப்போம். போன் முதலில் மாமியிடம் போகும். அப்புறம் நாத்தனார், மகள், கடைசியில் நான். அந்தப் பக்கமும் அப்படித்தான். ஒரே அறையில் எட்டுப் பேர். அவர் பேசும்போது பின்னால் யாரோ இருமுவது கேட்கும், யாரோ குக்கர் வைப்பது கேட்கும்.

"சாப்டியா?"

"சாப்ட்டேன். நீங்க?"

"ஆச்சு. புள்ள படிக்கிதா?"

"படிக்கிது மச்சான்."

"சரி, அம்மாகிட்ட குடு."

எழுதி அனுப்பலாமே என்று கேட்கலாம். அனுப்பினார். ஆனால் என் போனில் மெசேஜ் சத்தம் கேட்டாலே மாமி, "என்னவாம்? படி பாப்போம்" என்பார். மாமி கெட்டவர் இல்லை. அது அவருடைய மகன், அவர் கேட்பதில் என்ன தப்பு? படித்துக் காட்டுவேன். அது என் கணவருக்கும் தெரியும். அதனால் படித்துக் காட்டுகிற மாதிரிதான் எழுதுவார்.

அந்த விளையாட்டை அவருக்குக் காட்டியது அறையில் இருந்த ஒரு மலையாளி. அதை ஆட ஒரு ஜோடி வேண்டும். ஒரு முனையில் ஒரு ஸ்டேஷன், மறுமுனையில் இன்னொன்று. ஒருவர் அரிசி ஏற்றி அனுப்பினால் மற்றவர் இறக்கி, நிலக்கரி ஏற்றித் திருப்பி அனுப்ப வேண்டும். ஒரு ரயில் போய்ச் சேர நிஜமாகவே நான்கு மணி நேரம் ஆகும். மலையாளிக்கு அவருடைய தம்பி ஜோடி. என் கணவர் என்னைக் கேட்டார். வெள்ளிக்கிழமை போனில் எல்லோர் முன்னாலும்தான் கேட்டார். "சும்மா ஒரு கேம்தான், டவுன்லோடு பண்ணு" என்றார். மாமி சிரித்தார். நாத்தனார்தான் தேடிப் பிடித்து என் போனில் இறக்கிக் கொடுத்தாள்.

பெரம்பலூர் மாவட்டத்தில் ரயிலே கிடையாது. நான் பஸ்ஸில் உட்கார்ந்துகொண்டு ஸ்டேஷன் மாஸ்டர் வேலை பார்த்தேன்.

முதல் இரண்டு வாரம் வெறும் அரிசியும் நிலக்கரியும்தான் போய் வந்தது. பிறகுதான் சீட்டைக் கவனித்தேன். ரயில் கிளம்பும்போது ஒரு சிறிய பெட்டி வரும். மறுமுனைக்கு ஏதாவது எழுதலாம், நாற்பது எழுத்துக்குள். தமிழுக்கு அது இன்னும் குறைவு. 'கா' என்று எழுதினால் இரண்டு எழுத்தாகக் கணக்காகும். புள்ளி வைத்தாலும் இரண்டு. பத்துப் பன்னிரண்டு சொல் எழுத நினைத்தால் நான்கு சொல்தான் நிற்கும்.

நான் அனுப்பிய முதல் சீட்டு, "பஸ்ல இடம் கெடச்சிடுச்சு". நான்கு மணி நேரம் கழித்து வந்த பதில், "ஜன்னல் ஓரமா?"

கல்யாணமாகி மூன்று வருடத்தில் அவர் என்னைப் பற்றிக் கேட்ட முதல் கேள்வி அதுதான் என்று இன்றைக்கு எனக்குத் தோன்றுகிறது. அப்போது அப்படி எதுவும் தோன்றவில்லை. ஆமாம் என்று எழுதி உப்பு ஏற்றி அனுப்பினேன்.

அப்படியே போனது. அவர் நிறைய எழுதினார். கை மரத்துப்போய்ச் சாவி விழுந்தது, கூட வேலை பார்த்த நேபாளக்காரர் ஊருக்குப் போனவர் திரும்பவில்லை, மேனேஜர் இன்றைக்குச் சிரித்தார். நான் லேபில் நடப்பதை எழுதினேன். ஊசியைப் பார்த்து அழுத போலீஸ்காரரைப் பற்றி எழுதினேன். வேப்பந்தட்டையிலிருந்து மாதா மாதம் சர்க்கரை பார்க்க வரும் அம்மா, முந்தின நாளெல்லாம் பட்டினி கிடந்துவிட்டு, "இப்பப் பாரு, கொறஞ்சிருக்கும்" என்று கையை நீட்டுவதை எழுதினேன். ஒரு நாளைக்கு மூன்று ரயில், சில நாள் நான்கு. வெள்ளிக்கிழமை போனில் பழையபடி சாப்டியா, சாப்ட்டேன். விளையாட்டைப் பற்றிப் போனில் பேசியதே இல்லை. பேசக் கூடாது என்று முடிவெடுத்ததும் இல்லை.

ஆட ஆரம்பித்த மூன்றாவது வருடம் அவர் லீவு முடிந்து போன பிறகு எனக்கு இரண்டாவது தங்கியது. மூன்று மாதம் ஓடியது. ஒரு காலையில் லேபில் வேலை செய்துகொண்டிருக்கும்போது அடிவயிறு இழுத்தது. கூட வேலை பார்க்கும் அக்கா ஆட்டோவில் பக்கத்து ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனார். ஸ்கேன் பார்த்த டாக்டர் கருவியைத் திரும்பத் திரும்ப ஒரே இடத்தில் வைத்தார். நான் அந்தத் தொழிலுக்குப் பக்கத்தில் இருப்பவள். அவர் சொல்வதற்கு முன்பே தெரிந்துவிட்டது.

வெளியே பெஞ்சில் உட்கார வைத்தார்கள். அக்கா மாமிக்குப் போன் பண்ணத் தள்ளிப் போனார். நான் விளையாட்டைத் திறந்தேன். யார்டில் அவர் அனுப்பிய ரயில் ஒன்று நின்றது. அதை இறக்கினேன். ஏதோ ஏற்றினேன். சீட்டில் எழுதினேன், அனுப்பினேன். மணி ஒன்பதரை இருக்கும்.

மதியம் ஹாலில் படுத்திருந்தேன். மாமி அவருக்குப் போன் போட்டுச் சொன்னார். ஸ்பீக்கரில் அவர் குரல் எல்லோருக்கும் கேட்டது. "அல்லாஹ் நாடுனது அவ்ளோதான்ம்மா. சபர் செய்யச் சொல்லுங்க, பொறுமையா இருக்கச் சொல்லுங்க. நல்லாப் பாத்துக்கங்க." மாமி போனை என் பக்கம் நீட்டினார். "ம்" என்றேன். அவரும் "ம்" என்றார். வைத்துவிட்டார்.

ஆறு மணிக்கு ஒரு ரயில் வந்தது. ஒன்பது பெட்டியும் காலி. அந்த விளையாட்டில் காலியாக அனுப்பினால் புள்ளி குறையும், யாரும் அனுப்ப மாட்டார்கள். சீட்டில் "நீ படு. ஸ்டேஷன நான் பாக்கறேன்" என்று இருந்தது.

அதற்குப் பிறகு பதினோரு நாள் நான் அதைத் திறக்கவில்லை. பன்னிரண்டாம் நாள் திறந்தபோது யார்டில் ரயில்கள் அடைந்து கிடக்கும், சிக்னல் சிவப்பில் இருக்கும் என்று நினைத்தேன். ஒன்றுமில்லை. எல்லாம் இறக்கப்பட்டு, எல்லாம் நேரத்துக்குக் கிளம்பியிருந்தது. என் பாஸ்வேர்டு அவருக்குத் தெரியும், எங்கள் மகளின் பிறந்த தேதிதான். அவர் தன் கணக்கிலிருந்து வெளியே வந்து, என் பெயரில் உள்ளே போய், என் ஸ்டேஷன் வேலையைச் செய்து, மறுபடி வெளியே வந்து தன்னுடையதற்குப் போயிருக்கிறார். ஒரு நாளைக்கு மூன்று தடவை. அந்தக் குளிர் அறையிலிருந்து வெளியே வரும் இடைவேளைகளில்.

நன்றி என்று நான் எழுதவில்லை. "வந்துட்டேன்" என்று எழுதினேன்.

அந்தக் குழந்தையைப் பற்றி வேறு எங்கேயும் நாங்கள் ஒரு வார்த்தை பேசவில்லை. அடுத்த லீவில் வந்தபோதும் பேசவில்லை. அது அந்தச் சீட்டுகளில் இருந்தது, போதும் என்று இருந்துவிட்டோம்.

ஆறாவது வருடம் ஒருநாள் விளையாட்டைத் திறந்ததும் மஞ்சள் கட்டத்துக்குள் ஆங்கிலத்தில் அறிவிப்பு வந்தது. ஸ்டோரிலிருந்து இதை எடுத்துவிடுகிறோம், ஏற்கெனவே வைத்திருப்பவர்கள் தொடர்ந்து ஆடலாம், இத்தனை நாள் ஆடியதற்கு நன்றி. காரணம் எதுவும் போடவில்லை. அதை மூட ஓரத்தில் ஒரு பெருக்கல் குறி இருந்தது. மூடினேன். அவருக்குச் சீட்டில் கேட்டேன். "நம்மகிட்ட இருக்குல்ல. விடு" என்று பதில் வந்தது.

நான்கு மாதம் ஒன்றும் ஆகவில்லை. பிறகு அவருடைய போன் கிடங்குக்குள் கோட்டுப் பையிலிருந்து நழுவி விழுந்தது. பெட்டி தூக்கும் வண்டி அதன்மேல் ஏறிவிட்டது. அன்றைக்கே வேறு போன் வாங்கிவிட்டார். எனக்கு எதுவும் தெரியாது. என் ரயில்கள் போய்ச் சேர்ந்து அவர் யார்டில் நிற்பதை மட்டும் பார்த்தேன். மூன்று நின்றது. நான்கு நின்றது. வேலை அதிகம் போல என்று நினைத்தேன்.

வெள்ளிக்கிழமை போன் என்னிடம் வந்ததும் வழக்கமான கேள்வியை அவர் கேட்கவில்லை.

"அது வரமாட்டேங்குது" என்றார்.

மாமி பக்கத்திலிருந்து, "எது வரமாட்டேங்குது? சம்பளமா?" என்று கேட்டார்.

"இல்லம்மா, போன்ல ஒரு கேமு. புதுப் போன்ல தேடிப் பாத்தேன், இல்ல. பழசுல வாங்குனதுன்னு ஒரு லிஸ்ட்டு இருக்கு, அதுல பேரு மட்டும் இருக்கு. அமுக்குனா கெடையாதுங்குறான்."

"வேற கேம் வெளாடு. ஒலகத்துல கேமுக்கா பஞ்சம்?" என்றார் மாமி.

"ஆமாம்மா" என்றார்.

நான் கேட்டேன், "அந்த மலையாளிகிட்ட இருக்குமே மச்சான்?"

"அவரு ஊருக்குப் போயி ரெண்டு வருசமாச்சு."

எனக்குத் தெரியாது. அதைச் சீட்டில் அவர் எழுதவில்லை, அல்லது எழுதி நான் மறந்திருக்கிறேன்.

யாரோ ஒரு வெப்சைட்டிலிருந்து கோப்பாக இறக்கிப் போடலாம் என்று சொல்லி, அவர் போட்டுப் பார்த்தார். திறந்தது. ரயில் கூவும் சத்தம்கூட வந்ததாம். அதற்கு மேல் போகவில்லை. இதையெல்லாம் அவர் மெசேஜில் எழுதினார், நான் மாமிக்குப் படித்துக் காட்டினேன்.

என் போனில் மட்டும் அது ஓடிக்கொண்டிருந்தது. அவர் யார்டில் ஆறு ரயில் சேர்ந்ததும் சிக்னல் சிவப்பாகிவிட்டது. அதற்கு மேல் அனுப்ப முடியாது. அந்த ஆறிலும் நான் எழுதிய சீட்டுகள் இருந்தன. பிரிக்க ஆள் இல்லை. பழைய சீட்டுகளைப் பார்க்கலாம், ஆனால் கடைசி நூறுதான் தெரியும். அதற்கு முன்னால் உள்ளவற்றுக்கு "மேலும்" என்று ஒரு பொத்தான் உண்டு, அமுக்கினால் சுற்றிக்கொண்டே இருந்து ஐம்பது ஐம்பதாக வரும். ஒருமுறை முழுக்கப் பின்னால் போய் எல்லாவற்றையும் படம் பிடித்து வைக்கலாம் என்று நினைத்தேன். ஞாயிற்றுக்கிழமை செய்யலாம் என்று தள்ளிப்போட்டேன்.

சனிக்கிழமை பஸ்ஸில் போகும்போது எனக்கு ஒரு யோசனை வந்தது. அவர் எனக்குச் செய்ததை நான் அவருக்குச் செய்யலாமே. என் கணக்கிலிருந்து வெளியே வந்து, அவர் பெயரில் உள்ளே போய், அந்த ஆறு ரயிலையும் இறக்கிவிட்டால் சிக்னல் பச்சையாகிவிடும். பதிலும் நானே அவர் பெயரில் எழுத வேண்டியதில்லை. அவர் மெசேஜில் சொல்லட்டும், நான் ஏற்றி அனுப்புகிறேன். அவர் பாஸ்வேர்டும் அதே தேதிதான். வெளியேறு என்று இருந்ததை அமுக்கினேன். நிச்சயமாகவா என்று கேட்டது. ஆமாம் என்றேன்.

உள்ளே போகும் பக்கம் வந்தது. அவர் பெயரையும் தேதியையும் போட்டேன். சிவப்பு எழுத்தில் ஒரு வரி வந்தது. இனி புதிதாக யாரும் உள்ளே வர முடியாது என்று.

என் பெயரைப் போட்டேன். அதே வரி.

பஸ் பெரம்பலூர் பழைய பஸ் ஸ்டாண்டுக்குள் திரும்பியது. இறங்கினேன். லேபுக்குப் போனேன். அன்றைக்கு இருபதுக்கு மேல் ஆட்கள் காத்திருந்தார்கள். ஊதா மூடிக் குழாய், சிவப்பு மூடிக் குழாய், பெயர், வயது, நேரம். ஒரு தவறும் இல்லாமல் எழுதினேன். மதியம் சோறு சாப்பிட்டேன். எனக்கு அழுகை வரும் என்று காத்திருந்தேன், வரவில்லை. வயிறு நிறைந்ததுகூடத் தெரிந்தது.

சாயங்காலம் பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் உள்ள செல்போன் கடையில் போனைக் கொடுத்தேன். கடைக்காரர் என் வயதுக்காரர்தான். பொறுமையாகப் பார்த்தார்.

"அக்கா, இதுல ஒண்ணும் பண்ண முடியாதுக்கா."

"நான் எழுதுனதெல்லாம் உள்ள இருக்குங்க. அத மட்டும் எடுத்துக் குடுத்தாப் போதும்."

"அது உங்க போன்ல இல்லக்கா. கம்பெனிக்காரன் கம்ப்யூட்டர்ல இருக்கு. போன்ல இருக்கறது வாசக்கதவு மாதிரி. அவன் உள்தாப்பாப் போட்டுட்டான்."

"எழுதிக் கேட்டாத் தருவாங்களா?"

"கேட்டுப் பாருங்க. ஆளு இருக்கணும்ல அங்க" என்றார். சங்கடமாகச் சிரித்துவிட்டுப் போனைத் துணியால் துடைத்துத் திருப்பித் தந்தார்.

எழுதிக் கேட்டேன். லேபில் வேலை பார்க்கும் அக்காவின் மகள் ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்தாள். இரண்டே நிமிடத்தில் பதில் வந்தது. ஆடியதற்கு நன்றி, உங்கள் நினைவுகள் எங்களுக்கு முக்கியம், இந்த முகவரிக்குப் பதில் எழுத வேண்டாம்.

வெள்ளிக்கிழமை அவரிடம் சொன்னேன். "நானும் வெளிய வந்துட்டேன் மச்சான். உங்களது இறக்கலாம்னு பாத்தேன். இப்ப ரெண்டும் இல்ல."

அந்தப் பக்கம் குக்கர் விசில் அடித்தது.

"சரி விடு" என்றார். "சாப்டியா?"

அதன் பிறகு ஏழு மாதம். நான் அவரிடம் பேசாமல் இல்லை, அவரும் பேசாமல் இல்லை. கேஸ் வந்ததா, மோட்டார் ரிப்பேர் ஆனதா, மகள் மார்க் எவ்வளவு. பஸ்ஸில் ஏறினால் கை போனை எடுக்கும். எடுத்துவிட்டு எதற்கு எடுத்தோம் என்று பார்த்துக்கொண்டிருப்பேன். வேறொரு விளையாட்டை இரண்டு பேரும் இறக்கிப் பார்த்தோம். அதில் தோட்டம் போட வேண்டும். இரண்டு நிமிடத்துக்கு ஒரு விளம்பரம் வந்தது. மூன்றாம் நாள் அவர் வரவில்லை, நானும் கேட்கவில்லை. வருத்தம் என்று சொல்ல முடியாது. ஊசி போட்ட இடம் மரத்திருக்கும்போது அழுத்தினால் அழுத்துவது தெரியும், வலி தெரியாது. அப்படித்தான் இருந்தேன்.

அவர் லீவில் வந்தார். கொஞ்சம் இளைத்திருந்தார். பத்து நாள் உறவுக்காரர்கள் வந்து போனார்கள். பிறகு ஆண்டிமடத்தில் என் சின்னம்மா மகள் கல்யாணம் வந்தது. மகளுக்குப் பரீட்சை, மாமியிடம் விட்டுவிட்டோம். முதலில் அரியலூரில் நான் பிறந்த அத்தா வீட்டுக்குப் போய் அங்கிருந்து எல்லோருமாகப் போவதாக ஏற்பாடு. நாங்கள் இரண்டு பேரும் பைக்கில் கிளம்பினோம்.

ஆலத்தியூர் தாண்டும்போது லாரிகள் வரிசை கட்டி நின்றன. சுண்ணாம்புக்கல் ஏற்றிய ஒரு லாரி ரோட்டில் குறுக்காக நின்றுவிட்டது. இரண்டு பக்கமும் ஹாரன். அவர் வண்டியை ஓரம் கட்டி அணைத்தார். நான் இறங்கவில்லை, அவரும் இறங்கவில்லை. அவர் முதுகுதான் எனக்குத் தெரிந்தது. சட்டைக் காலரில் வெள்ளையாகத் தூசி படிந்திருந்தது.

திரும்பாமலே கேட்டார். "அன்னைக்கி நீ என்ன எழுதுன?"

என்னைக்கு என்று நான் கேட்கவில்லை.

"தங்கல மச்சான்னு எழுதுனேன்."

"இல்ல. போயிடுச்சுன்னு எழுதியிருந்த."

"நான் போயிடுச்சுன்னு எழுத மாட்டேங்க."

"எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. போயிடுச்சு மச்சான், அப்புடின்னு. கோல்ட் ரூம் வாசல்ல நின்னு படிச்சேன்."

"தங்கலன்னுதான்" என்றேன். சொல்லும்போதே எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. அந்தப் பெஞ்சு ஞாபகம் இருக்கிறது, எதிரே மாட்டியிருந்த நாள்காட்டி ஞாபகம் இருக்கிறது. விரல் என்ன எழுதியது என்பது சரியாக இல்லை. எடுத்துப் பார்க்க எதுவும் இல்லை.

"சரி, ரெண்டுல ஒண்ணு" என்றார்.

முன்னால் ஒரு லாரி இரண்டடி நகர்ந்து மறுபடி நின்றது.

"அது பொண்ணா, பையனா?"

மூன்று வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. இதை அவர் கேட்டதே இல்லை.

"தெரியாது மச்சான். மூணு மாசம்தான் ஆச்சு. அதுல தெரியாது."

"நான் பொண்ணுன்னே நெனச்சுக்கிட்டேன்." காலர் தூசியைத் தட்டிவிட்டுக்கொண்டே, "பேருகூட வச்சிருந்தேன்" என்றார்.

"என்ன பேரு?"

சொன்னார். நல்ல பேர்தான். அதை நான் இங்கே எழுதப் போவதில்லை.

"ஏன் சீட்டுல எழுதல?" என்று கேட்டேன்.

"எழுதுனேன். அனுப்பல. அழிச்சிட்டு, நீ படுன்னு மட்டும் எழுதி ரயிலக் காலியா அனுப்புனேன்."

நான் அவர் தோளில் கை வைத்தேன். ரோட்டில் நின்றவர்கள் பார்த்திருப்பார்கள். பல்லில் தூசி கரகரவென்றது. இப்போதாவது அழலாம் என்று நினைத்தேன். கண்ணில் தண்ணீர் வந்தது, அது தூசியினால். அவர் கைக்குட்டையை எடுத்துத் திரும்பாமலே பின்னால் நீட்டினார். லாரி நகர்ந்தது. வண்டியைக் கிளப்பினார். கல்யாணத்துக்கு நேரத்துக்குப் போய்விட்டோம். பிரியாணி நன்றாக இருந்தது.

லீவு முடிந்து அவர் போய்விட்டார். இப்போதும் வெள்ளிக்கிழமைதான் பேசுகிறார். எல்லோரிடமும் பேசிவிட்டுப் போன் என்னிடம் வந்ததும், "கொஞ்சம் மாடிக்குப் போ" என்கிறார். போகிறேன். மாமி முதல் வாரம் நிமிர்ந்து பார்த்தார், இப்போது பார்ப்பதில்லை. அங்கே என் கணவரும் அறையை விட்டு வெளியே வந்து எங்கேயோ நிற்கிறார், வண்டிகள் போகிற சத்தம் கேட்கிறது. பேச எங்களுக்கு இன்னும் சரியாக வரவில்லை. ஒருவர் பேசும்போதே மற்றவர் ஆரம்பித்துவிடுகிறோம், இல்லாவிட்டால் இரண்டு பேருமே சும்மா இருக்கிறோம்.

போன வாரம், "இங்க மழ" என்றார்.

"நல்ல மழையா?"

"தூறல்தான். ஆளுங்கல்லாம் வெளிய வந்து நிக்கிறாங்க."

"நீங்க?"

"நானும்தான்."

யாரும் போனை வைக்கவில்லை. கொடியில் துணி காய்ந்திருந்தது. போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு ஒவ்வொன்றாக எடுத்து மடிக்க ஆரம்பித்தேன்.